மெழுகுதிரி ஏற்றும்போது சொன்ன பெயர்

சிபியு, ருமேனியா
ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள என் கணவருக்கு,

தர்மிளா எழுதுகிறேன். கையெழுத்தைப் பார்த்ததும் பயந்துவிடாதீர்கள், கெட்ட செய்தி ஒன்றும் இல்லை. போன கிழமை பிடித்த சளித் தடிமனும் விட்டுவிட்டது. உங்களுக்கும் அத்தைக்கும் நம்ம தோட்டத்து மாரியம்மா துணை இருக்கட்டும்.

தினமும் போனில் பேசுகிறவள் எதற்குக் கடிதம் எழுதுகிறாள் என்று நினைப்பீர்கள். போன் வந்தால் நீங்கள் வாசல் இஸ்தோப்பில் நின்றுதான் பேச வேண்டும், அங்கேதான் சிக்னல் இருக்கிறது. பக்கத்தில் அத்தை உட்கார்ந்திருப்பார். அடுத்த வீட்டுக் காம்பராவில் உள்ளவர்களும் காது கொடுப்பார்கள். இதை நீங்கள் மட்டும் தனியாக இருந்து வாசிக்க வேண்டும். என்னோடு ஒரே அறையில் இருக்கிற ஸாஹிரா லீவில் ருவான்வெல்லைக்கு வருகிறாள். அவளை வீடியோவில் பார்த்திருக்கிறீர்கள்தானே. அவள் கையில் கொடுத்து விடுகிறேன்.

முதலில் வீட்டு விசயம். அத்தையின் கால் வீக்கத்துக்குக் கடையில் கேட்டு மருந்து வாங்க வேண்டாம். அவிசாவளைக்குக் கூட்டிக்கொண்டு போய் டொக்டரிடம் காட்டுங்கள். விடாமல் மழை என்று சொன்னீர்கள். மழையில் றப்பர் பால் வெட்டு இல்லாத நாளில் சும்மா இருக்காமல் குசினிப் பக்கத்துக் கூரைத் தகரத்தை மாற்றிவிடுங்கள். பலகையும் உளுத்துப் போயிருக்கும், ஏறும்போது கவனம்.

இனி நான் சொல்ல வந்தது.

இங்கே பேக்டரியில் எங்களோடு தைக்கிறவர்களில் எலேனா என்று ஒரு பெரிய மனுசி இருக்கிறார். நம்ம பக்கம் மரியாதைக்கு நோனா என்கிற மாதிரி இங்கே தொவாம்னா என்று சொல்ல வேண்டும். அவருடைய மகள் ரலுக்கா, வெளிநாட்டு ஆட்களைக் கூட்டிக்கொண்டு பழைய டவுனைச் சுற்றிக் காட்டுகிற வேலை செய்கிறாள். இத்தனை நாளாக இந்த ஊரில் இருந்தும் பேக்டரியும் போர்டிங்கும் தவிர எதையும் பார்க்கவில்லையா என்று தொவாம்னா எங்களை ஏசினார். மகளிடமும் சொல்லிவிட்டார். நேற்று நானும் ஸாஹிராவும் போனோம்.

ஊர் நடுவில் கல் பதித்த பெரிய முற்றம் ஒன்று இருக்கிறது. அங்கே மழையும் இல்லை, வெயிலும் இல்லை, ரலுக்கா ஒரு மஞ்சள் குடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றாள். கூட்டத்தில் யாரும் காணாமல் போகாமல் இருக்கவாம். எங்களோடு வயதான ஜெர்மன் புருசன் பெண்சாதியும், சத்தம் போட்டுச் சிரிக்கிற ஸ்பெயின் பிள்ளைகள் கொஞ்சப் பேரும் இருந்தார்கள். எல்லாரும் எந்த நாடு என்று கேட்டாள். நாங்கள் ஸ்ரீலங்கா என்றதும் ஜெர்மன் அம்மா "டீ, டீ" என்று கை தட்டினார். ஸாஹிரா விடுவாளா, எங்கள் பக்கம் றப்பர் என்று சொல்லி அந்த அம்மாவின் சப்பாத்து அடியைக் காட்டினாள். அதிலிருந்து எல்லாரும் சிநேகமாகிவிட்டார்கள்.

இங்கிலீசில்தான் பேசினாள். எனக்குப் பாதி விளங்கும், மீதியை ஸாஹிரா சொல்வாள். இந்த ஊர்க் கூரைகளைப் பார்த்தால் சிரிப்பீர்கள். ஓட்டுக்கு நடுவில் நீளமாக, பாதி மூடின கண் மாதிரி ஜன்னல் வைத்திருக்கிறார்கள். எந்தத் தெருவில் நடந்தாலும் வீடுகள் நம்மைப் பார்த்துக்கொண்டே இருக்கும். நம்ம லயத்தில் ஒரு புதுச் சேலை கட்டிக்கொண்டு வாசலில் இறங்கினால் இருக்குமே, அப்படி. உங்களைத்தான் நினைத்தேன். நீங்கள் இருந்திருந்தால் கூரைக்கு ஒரு கும்பிடு போட்டிருப்பீர்கள்.

பிறகு ஓர் இரும்புப் பாலத்துக்குக் கூட்டிக்கொண்டு போனாள். கீழே ஆறு இல்லை, ரோடுதான் போகிறது. பொய்ப் பாலம் என்று பெயர். அதில் நின்று பொய் சொன்னால் பாலம் சத்தம் போட்டு இடிந்து விழும் என்று இந்த ஊரில் கதை. யாராவது சொல்லிப் பாருங்கள் என்றாள். ஸாஹிரா முன்னால் போய், போர்டிங்கில் போடுகிற முட்டைக்கோஸ் சூப் எனக்கு ரொம்பப் பிடிக்கும் என்றாள். எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தோம்.

அந்தச் சிரிப்போடுதான் ஜெர்மன் அம்மா என் கையைப் பிடித்து, உனக்குப் பிள்ளைகள் இருக்கிறார்களா என்று கேட்டார். பாசமாகத்தான் கேட்டார். நான் நோ என்றேன்.

வெளிநாட்டு வேலை ஏஜென்சியில் கேட்டார்கள், பேக்டரியில் கேட்டார்கள், எல்லா இடத்திலும் அப்படித்தான் சொல்லியிருக்கிறேன். ஒரு நாளும் ஒன்றும் ஆனதில்லை. நேற்று அந்தச் சொல் வாயை விட்டுப் போனதும் எனக்குக் கால் நகரவில்லை. பாலம் ஆடவில்லை, இரும்புப் பாலம் எப்படி ஆடும். நான்தான் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். கல்லில் நடந்து கால் வலிக்கிறது என்று ஸாஹிராவிடம் சொன்னேன். அவள் நம்பவில்லை. ஆனாலும் என் பையை வாங்கித் தன் தோளில் போட்டுக்கொண்டாள்.

கடைசியாக ஒரு பெரிய கோயிலுக்குப் போனோம். இவர்களுடைய மாதா கோயில். வெளியே சுவர் ஓரமாக இரண்டு தகரப் பெட்டிகள், உள்ளே மணல். மணலில் மெல்லிசான மஞ்சள் மெழுகுதிரிகள் எரிந்துகொண்டிருந்தன. ஒரு பெட்டி உயிரோடு இருக்கிறவர்களுக்கு, மற்றது போய்ச் சேர்ந்தவர்களுக்கு என்று ரலுக்கா சொன்னாள். திரியை ஏற்றி, யாருக்கோ அவர் பெயரைச் சொல்லி வைக்க வேண்டுமாம். மற்றவர்கள் போட்டோ எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார்கள்.

நான் இரண்டு திரி வாங்கினேன். ஒன்றை உயிரோடு இருக்கிறவர்கள் பக்கம் உங்கள் பெயரைச் சொல்லி வைத்தேன். மற்றதை ஏற்றிக் கையில் பிடித்துக்கொண்டு அடுத்த பெட்டிக்கு முன்னால் நின்றேன். சொல்லப் பெயர் இல்லை. மெழுகு உருகி விரலில் விழுந்தது, அப்போதும் நின்றேன்.

ஸாஹிரா வந்து என் முகத்தைப் பார்த்தாள். அவளுக்கு நான் ஒரு நாளும் சொன்னதில்லை. அங்கே நின்றுதான் சொன்னேன், எனக்கு ஒரு பெண் பிள்ளை பிறந்தாள், ஒரு பகலும் ஒரு ராத்திரியும் இருந்தாள் என்று. அவள் அழவில்லை, என்னையும் அழாதே என்று சொல்லவில்லை. "எங்களுக்குத் திரி வைக்கிற வழக்கம் இல்லடி, நா துஆ கேக்கிறேன். பேரென்ன புள்ளைக்கு?" என்று இரண்டு கையையும் ஏந்திக்கொண்டு நின்றாள்.

மிதுஷா என்றேன்.

வயிற்றில் இருக்கும்போதே நான் மனதுக்குள் வைத்திருந்த பெயர். பிறந்த பிறகு உங்களிடம் சொல்லலாம் என்று இருந்தேன். பிறகு அத்தை, பெயர் வைத்தால் மனதில் தங்கிவிடும், வைக்க வேண்டாம் என்றார். அவர் என் நல்லதுக்குத்தான் சொன்னார், எனக்குக் கோபம் இல்லை. ஆனால் பெயர் வைக்காமலும் அவள் தங்கித்தான் இருக்கிறாள்.

உங்களுக்குத் தெரியாத ஒன்று சொல்கிறேன். நர்ஸ் மிஸ் என்னை அந்தக் கண்ணாடிப் பெட்டிக்குள் கை விடச் சொன்னார். அவள் என் சின்ன விரலைப் பிடித்தாள். நல்ல பிடி. உங்கள் கை மாதிரி நீள விரல்.

அவளை எங்கே வைத்தீர்கள் என்று நான் கேட்கவே இல்லை. ஆஸ்பத்திரியில் இருந்து நேராக றக்வானையில் எங்கள் அம்மா வீட்டுக்குப் போனேன், அங்கிருந்தே ஏஜென்சிக்குப் போய்விட்டேன். நீங்கள் அந்த வளைவெல்லாம் பஸ்ஸில் ஏறி என்னைப் பார்க்க வந்து, தேத்தண்ணி குடித்து, ஒரு வார்த்தை பேசாமல் திரும்பிப் போவீர்கள். என் மேல் கோபம் என்று நினைத்தேன். இப்போது அப்படித் தோன்றவில்லை.

பேக்டரியில் அக்ரிமென்டைப் புதுப்பிக்கிறேனா என்று கேட்கிறார்கள். நான் இன்னும் கையெழுத்துப் போடவில்லை. அது கிடக்கட்டும். உங்களிடம் நான் கேட்பது வேறு. நீங்கள் தனியாக இருக்கும்போது அந்தப் பெயரை ஒரே ஒரு தடவை உங்கள் வாயால் சொல்லுங்கள். எனக்குக் கேட்காவிட்டாலும் பரவாயில்லை.

மழையில் நனையாதீர்கள். வேளைக்குச் சாப்பிடுங்கள்.

என்றும் உங்கள்,
தர்மிளா


தெஹியோவிட்ட
வெள்ளிக்கிழமை

அன்புள்ள தர்மிளாவுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. ஸாஹிரா பிள்ளை ருவான்வெல்லை பஸ் ஸ்டாண்டுக்கே கொண்டு வந்து தந்தது. அவங்க உம்மா ஒரு டப்பா வட்டிலப்பமும் கொடுத்து அனுப்பியிருந்தாங்க. அந்தப் பிள்ளை திரும்பிப் போகும்போது இதைக் கொண்டு வரும். எனக்கு எழுதிப் பழக்கம் இல்லை, பிழை இருந்தால் பொறுத்துக்கொள்.

வீட்டுக்குப் போய்த்தான் வாசிக்க நினைத்தேன். பஸ்ஸில் சீட் கிடைத்ததும் பொறுக்க முடியாமல் பிரித்துவிட்டேன். தெஹியோவிட்டயில் இறங்க வேண்டியவன் அவிசாவளை வரைக்கும் போய்விட்டேன். கொண்டக்டர் வந்து, "மல்லி, பஹின்னே நேத்த?" என்று, இறங்கவில்லையா தம்பி என்று கேட்டபோதுதான் பஸ்ஸில் யாருமே இல்லை என்று தெரிந்தது.

உன் மேல் எனக்குக் கோபம் இருந்ததே இல்லை. றக்வானைக்கு வரும்போதெல்லாம் பேச வேண்டியதை பஸ்ஸில் சொல்லிச் சொல்லிப் பார்த்துக்கொண்டுதான் வருவேன். உன்னைக் கண்டதும் வாய் வராது. நான் அழுதால் நீ தாங்க மாட்டாய் என்று நினைத்தேன். நீ அந்தப் பெட்டிக்குள் கை விட்ட அன்று நானும் கண்ணாடிக் கதவுக்கு வெளியே நின்று பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். விரலைப் பிடித்தது எனக்குத் தெரியாது. இப்போது நீ சொல்லித்தான் தெரியும்.

அம்மாவிடம் சொல்லிவிட்டேன். நீ தனியாக வாசிக்கச் சொன்னாய், ஆனால் இதை மறைக்க எனக்கு மனம் வரவில்லை. அம்மா அரிசி புடைத்துக்கொண்டிருந்த சுளகைக் கீழே வைத்துவிட்டு, "என்ன பேருன்னு சொன்ன?" என்று கேட்டாங்க. இன்னொரு தடவையும் கேட்டாங்க. இன்றைக்குக் கோயிலில் அர்ச்சனைக்கு என் பெயர், உன் பெயர் சொன்ன பிறகு மிதுஷா என்றும் சொன்னாங்க. அது யார் என்று பூசாரி செல்லையா கேட்டார். "எம் பேத்தி. சொல்லுங்க" என்றாங்க. பிள்ளை தவறியது அவருக்குத் தெரியும். கொஞ்சம் யோசித்தார், பிறகு சத்தமாகவே சொன்னார். அம்மா பிறகு என்னிடம், "நான் சொன்னதை அந்தப் புள்ள மனசுல வெச்சிக்க வேணாம்னு எழுது" என்றாங்க. எழுதிவிட்டேன்.

எங்கே வைத்தோம் என்று நீ கேட்கவில்லை, நானே சொல்கிறேன்.

லயத்துக் கடைசியில் நம்ம தொங்கல் வீட்டில் இருந்து கீழே இறங்கினால் பால் நிறுக்கிற கொட்டகை வரும். அதைத் தாண்டி வலது கைப்பக்கம் பழைய மரங்களுக்கு நடுவே ஓர் ஒற்றையடிப் பாதை. மழை பெய்தால் அட்டை ஏறும், காலில் சவர்க்காரம் பூசிக்கொண்டு போக வேண்டும். கொஞ்சத் தூரத்தில் ஓடைச் சத்தம் கேட்கும், ஓடைக்குப் போகாமல் மேட்டில் ஏற வேண்டும். அங்கேதான் நம்ம ஆட்களுடைய மயானம். உள்ளே போகாதே, அது பெரியவங்களுக்கு. வேலிக்கு இந்தப் பக்கம் ஒரு பலாமரம் நிற்கிறது. அதன் கிழக்குப் பக்கம், காலை வெயில் முதலில் விழுகிற இடத்தில் வைத்திருக்கிறோம். சுற்றிவர ஓடைக் கல் பதித்திருக்கிறேன், மாடு மிதிக்காமல் இருக்க. புல் வளர விடுவதில்லை. வேலைக்குப் போகிற வழிதானே, நின்றுவிட்டுத்தான் போவேன்.

இன்றைக்குக் காலையில் போய், அங்கே உட்கார்ந்து, நீ சொன்ன மாதிரி சொன்னேன். ஒரு தடவைதான் சொல்லச் சொன்னாய். எனக்கு ஒரு தடவை போதவில்லை.

அக்ரிமென்டுக்குக் கையெழுத்துப் போடுவதும் போடாததும் உன் விருப்பம். அதற்காக என்னை நினைத்துப் பயப்படாதே. ஆனால் லீவு கொடுத்தால் வா. றக்வானைக்குப் போகும் முன் முதலில் இங்கே வா. கொழும்புக்கு நானே வந்து கூட்டிக்கொண்டு வருகிறேன், வழியெல்லாம் பேசிக்கொண்டு வரலாம்.

தகரம் மாற்றியாயிற்று. அம்மாவின் காலுக்கு மருந்து எடுத்தோம், வீக்கம் வற்றுகிறது. அந்த ஜெர்மன்கார அம்மாவை மறுபடியும் எங்கேயாவது கண்டால், ஒரு பெண் பிள்ளை இருக்கிறாள் என்று சொல். நீயும் நல்லா இரு, புள்ள.

இப்படிக்கு,
மிதுஷாவின் அப்பா
தனுஷன்