படம் எடுக்க வந்த அன்று அப்பா சொன்னது

சேலையூர்
16.11.1998

என் தங்கம் கனகவல்லிக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் நல்லபடியாக இருக்கிறோம், டெல்லியில் குளிர் ஆரம்பித்திருக்குமே, உன் நெஞ்சுச் சளி எப்படி இருக்கிறதோ என்பதுதான் என் நினைப்பு. வெந்நீரே குடி. கூட்டம், ஊர்வலம் என்று சாப்பிடாமல் அலையாதே. இங்கே மழை விட்டபாடில்லை, கேம்ப் ரோடெல்லாம் தண்ணீர்.

உன்னைப் பற்றி டாக்குமெண்டரி எடுக்கிறவர்கள் வெள்ளிக்கிழமை வீட்டுக்கு வந்தார்கள். அவர்கள் வருவது தெரிந்ததும் அப்பா பையை எடுத்துக்கொண்டு பல்லாவரம் சந்தைக்குக் கிளம்பிவிட்டார். ஆஸ்பத்திரியில் காலாவதியான குளுக்கோஸ் பாட்டில்களில் புதுத் தேதி ஒட்டுகிறார்கள் என்று நீ பத்திரிகைக்காரர்களிடம் சொல்லி, அங்கே உன் மருந்துக் கிடங்கு வேலை போனதிலிருந்து அவர் வெளியே உன் பேச்சையே எடுப்பதில்லை, உனக்குத் தெரியாததா. யாராவது கேட்டால் பொண்ணு டெல்லியில் கவர்மெண்ட் வேலையில் இருக்கிறாள் என்று சொல்லிவிடுவார். படம் எடுக்கிறவர்கள் என்னைக் கூடத்தில் உட்காரவைத்தார்கள், நான் வாயைத் திறக்கும்போதெல்லாம் ஏர்போர்ஸ் விமானம் தலைக்கு மேல் சுற்றியது, நிறுத்தி நிறுத்தி எடுத்ததில் மதியமாகிவிட்டது. அதற்குள் கீழ்க்கட்டளையிலிருந்து அஞ்சம்மாள் வந்தாள், நீ வார்டுக்குள் ஓடிப்போய்க் கையில் குளுக்கோஸ் ஏறிக்கொண்டிருந்த ஊசியை எடுக்கச் சொல்லிக் கத்தினாயே, அந்தப் பிள்ளைத்தாய்ச்சியின் மாமியார். கேமராவைப் பார்த்து அவளுக்குக் கூச்சமே இல்லை. "அந்தப் பொண்ணு மட்டும் வாயத் தொறக்கலன்னா என் மருமவளும் இல்ல, பேரனும் இல்ல சார். இன்னிக்கு அவன் ரெண்டாங்கிளாஸ் படிச்சிகினு கீறான்" என்று சொல்லி அழுதாள்.

திரும்பினால் அப்பா வாசலில் நிற்கிறார். எத்தனை நேரமாக நின்றாரோ. பையைக் கீழே வைத்துவிட்டு, நனைந்த சட்டையோடு வந்து கேமராவுக்கு எதிரே உட்கார்ந்தார். "நான் ஜெயவேலு, கனகவல்லியோட அப்பா. என் பொண்ணு கவர்மெண்ட் வேலையில இல்ல சார். கவர்மெண்ட் என்ன பண்ணுதுன்னு ஜனங்க கேட்டா பதில் சொல்லணும், அதுக்கு ஒரு சட்டம் வேணும்னு ஊர் ஊராப் போய்ப் பேசறா" என்றார். அதற்குமேல் போதும் என்று கையைக் காட்டினார்.

அடுத்த மாதம் அந்தக் குளுக்கோஸ் பாட்டில் கேஸில் நீ சாட்சி சொல்ல வருவதை நினைத்தால் எனக்குப் பயமாக இருக்கிறது. போன வாரம் மோட்டார் சைக்கிளில் இரண்டு பேர் வந்து, பொண்ண கோர்ட்டுக்கு வர வேணாம்னு சொல்லும்மா, பேஜாராயிடும் என்று மிரட்டிவிட்டுப் போனார்கள். அப்பாவுக்குத் தெரியவேண்டாம் என்றிருந்தேன், படம் எடுத்த அன்று சாயங்காலம் மனசு கேட்காமல் சொல்லிவிட்டேன். வராதே என்று எழுதச் சொல்வார் என்றுதான் நினைத்தேன். "சென்ட்ரலுக்கு நானே போய்க் கூட்டிட்டு வரேன். கோர்ட்லயும் அவ பக்கத்துல நான் நிப்பேன்னு எழுது" என்றார்.

எந்த நாள், எந்த ரயில் என்று மறக்காமல் எழுது. கம்பளியை நன்றாகப் போர்த்திக்கொண்டு படு. அங்காளம்மன் உன்னை ஒரு குறையும் இல்லாமல் வைத்திருப்பாள், கண்ணே.

உன் அம்மா
தனக்கோடி

கீழே அப்பா தானாகவே பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டிருக்கிறார்.

உன் அப்பா
க. ஜெயவேலு