பெட்டி தூக்கிய ஆறு பேரில் நான் இல்லை

அன்புள்ள லெஸ்லி மாமாவுக்கு,

நீங்கள் போய் ஒரு வருஷம் ஆகிவிட்டது. இன்று காலை உங்களுக்காகப் பூசை வைத்தோம். முன்வரிசை முழுக்க நீங்கள் ஜோகுபாளையத்தில் கால்பந்துப் பயிற்சி கொடுத்த பெண்கள். வாசகம் வாசித்தது திவ்யா. அங்கேயும் அவள்தான்.

சுற்றி வளைக்காமல் கேட்கிறேன். ஆஸ்பத்திரியில் படுத்துக்கொண்டே, உங்கள் சவப்பெட்டியைத் தூக்க ஆறு பேரை டீம் எடுப்பது போலப் பெயர் பெயராகச் சொன்னீர்கள். ஆறும் அந்தப் பெண்கள். அப்பா செத்ததிலிருந்து உங்கள் வீட்டிலேயே வளர்ந்த நான் அதில் இல்லை. "பிரவீன் பின்னால. ஃபிலோ கூட." எனக்குக் கிடைத்தது அவ்வளவுதான். ஃபிலோ அத்தை கையைப் பிடித்துக்கொண்டு நடப்பதற்கா நான்?

பொம்மசந்திரா ஃபேக்டரியில் தினமும் டன் கணக்கில் எடை தூக்கும் கிரேனை டிசைன் செய்கிறவன் நான். கல்லறைச் சரிவில் பெட்டி ஒரு பக்கம் சாய்ந்தபோது எனக்குக் கை துடித்தது.

பொறாமை அன்றைக்கு வந்ததில்லை மாமா. ராத்திரிச் சாப்பாட்டில் உப்பு டப்பாவைத் திவ்யா என்பீர்கள், ஊறுகாய் பாட்டிலை எதிரணி என்பீர்கள். அவளுடைய இடது காலைப் பற்றியே பேச்சு. டிப்ளமோவில் முதலாவதாக வந்தேன் என்று சொன்ன அன்று, "சூப்பர்டா மச்சா" என்றுவிட்டு உப்பு டப்பாவை நகர்த்தினீர்கள். மைதானத்துப் பையன்களிடம் கற்ற தமிழ். பங்குச் சாமியாரும் உங்களுக்கு மச்சாதான்.

உங்கள் இங்கிலாந்துக் கதையை மட்டும் எனக்கே எனக்காகச் சொன்னீர்கள். மூன்றாம் டிவிஷன் கிளப். கோல்கீப்பருக்கு முன்னால் நிற்கும் கடைசி ஆள் நீங்கள். மற்ற எல்லோரையும் தாண்டிப் பந்து வந்தால்தான் உங்களுக்கு வேலை. ஆட்டம் நன்றாகப் போனால் நீங்கள் ஆடியதே யாருக்கும் தெரியாது. கோல் விழுந்தால் மட்டும் பேப்பரில் பெயர் வரும். பிறகு முழங்கால் போனது. கார்ப்பெட் கடை வேன் ஓட்டினீர்கள். இங்கே ஒரு ஃபேக்டரி டீமுக்குக் கோச்சாக வந்தீர்கள். டீமைக் கலைத்த பிறகும் அத்தைக்காக இங்கேயே தங்கிவிட்டீர்கள்.

பூசை முடிந்ததும் அத்தையிடம் கேட்டே விட்டேன். "என்னை ஏன் அத்தை எடுக்கல?"

"ஒரு வருஷமா இதையா வயித்துல வச்சிருக்க? பெட்டிய எறக்குறப்போ என்ன ஆச்சு, சொல்லு."

"நீ சேத்துல வழுக்குன. நான் புடிச்சேன்."

"எல்லாரும் எங்க பாத்துட்டு இருந்தாங்க?"

"பெட்டிய."

"அதுக்குத்தான்டா. 'ஃபிலோ வழியில விழமாட்டா, குழிகிட்ட போனப்புறம்தான் விழுவா, அங்க என் இடத்துல அவன் நிக்கட்டும்'னாரு உன் மாமா."

பக்கத்தில் காபி டம்ளரோடு திவ்யா நின்றிருந்தாள். "நான் அந்த இடத்தக் கேட்டேன்ணா. டீம்ல என் பொசிஷனும் அந்தக் கடைசி ஆள்தானே. 'அது வீட்டு ஆளுக்கு, நீ போய்ப் பெட்டியத் தூக்கு'ன்னுட்டாரு சார். ரெண்டு நாள் உங்க மேல செம காண்டு எனக்கு."

அவளுக்கு என் மேல் பொறாமை. அதைக் கேட்டதும் எனக்கு வந்த சந்தோஷத்தை இங்கே மறைக்கப் போவதில்லை. அவளுக்கு இன்னொரு காபி நானே வாங்கிக் கொடுத்தேன்.

இதை என்னிடமே சொல்லியிருந்தால் என்ன மாமா? உப்பு டப்பாவை வைத்தாவது காட்டியிருக்கலாமே?

அத்தை இப்போது மாடிப்படியில் கைப்பிடியைப் பிடிக்காமல் இறங்குகிறாள், சொன்னால் கேட்பதில்லை. இரண்டு படி பின்னால் நானும் இறங்குகிறேன். முன்னால் ஓடிவிட மாட்டேன். இது சத்தியம்.

ஆனாலும் ஒரு பக்கத் தோளாவது கொடுக்க விட்டிருக்கலாம்.

உங்கள் இடத்தில் நிற்கும் மருமகன்,
பிரவீன்