மூடியைத் திறக்க ஒரு சாக்கு

இன்று கம்பெனியில் ஆயுத பூசை. லைன் ஓரத்தில் யாரோ சந்தனம் குழைத்துக்கொண்டிருந்தார்கள். அந்த வாசனை வந்ததும் கூடவே நீயும் வந்துவிட்டாய். "மிஷின் மேல மட்டும் வைங்கடி. மூடியத் தொறந்து உள்ள கை வெச்சீங்க, கைய ஒடிச்சுடுவேன்" என்று ஒரு சத்தம் போட்டேன். புதுப் பெண்கள் என்னைச் சிடுமூஞ்சி என்று நினைத்திருப்பார்கள். நினைக்கட்டும், அவர்களுக்கு உன்னைத் தெரியாது.

நீ திருநெல்வேலிப் பக்கம், நான் பென்னலூர். ஒரே கம்பெனி பஸ், ஒரே லைன், அடுத்தடுத்த நாற்காலி. என் 'இன்னா'வை நீ கிண்டல் செய்வாய், உன் 'ஏளா'வை நான். போன வருடம் ஒரு மஞ்சள் காமாலை உன்னை இவ்வளவு சுருக்காகக் கொண்டுபோகும் என்று யார் கண்டது? எனக்கு இன்னும் கோபம்தான் முதலில் வருகிறது. அழுகை அதற்கு அப்புறம்தான்.

அதற்கு முந்தின வருட ஆயுத பூசை உனக்கு மறந்திருக்காது. போனுக்குள் வைக்கும் சர்க்யூட் போர்டுகளைக் கேமராவால் பார்த்துச் சோதிக்கும் மிஷின் சீனாவிலிருந்து புதிதாக வந்திருந்தது. போர்டுகளை வாங்கப்போவது அமெரிக்கக் கம்பெனி. பூசை முடிந்து லைன் ஓடியதும், நல்ல போர்டையெல்லாம் மிஷின் கழித்துப் போட்டது. மிஷினைப் பொருத்த வந்த சீன இன்ஜினியர் ஒரு பக்கம், ஒப்புதல் தர வந்த அமெரிக்க அதிகாரி மறுபக்கம். இரண்டு நாடும் ஒன்றின் மேல் ஒன்று வரியை ஏற்றிக்கொண்டிருந்த நேரம் அது. அந்தக் கோபத்தையும் இவர்கள் பெட்டியில் போட்டுக் கொண்டுவந்திருந்தார்கள்.

மூடியைத் திறந்து பார்த்தால் தீர்ந்தது. ஆனால் திறந்தால் தப்பு மிஷினில்தான் என்று ஒப்புக்கொண்டதாகிவிடும் என்று சீனர் திறக்கவில்லை. தாங்கள் கொடுத்த அளவை மறுபடி சரிபார்த்தால் தப்பு தங்களுடையதாகிவிடும் என்று அமெரிக்கரும் அசையவில்லை. நடுவில் நம் மேனேஜர் ஏசி ஹாலில் வேர்த்துக்கொண்டிருந்தார். அந்த வாரத்துக்குள் சோதனை முடியாவிட்டால் லைன் வேறு ஊருக்குப் போய்விடும். கான்ட்ராக்டில் இருந்த நாம் எல்லோரும் வீட்டுக்கு.

கேன்டீனில் சாம்பார் சாதத்தைப் பிசைந்துகொண்டே சொன்னாய். "விட்டுக்கொடுத்தவன் கெட்டுப்போறதில்லன்னு சொல்லுதாவ. மொதல்ல எவன் விட்டுக்கொடுப்பான்? ரெண்டு பேருக்கும் எறங்க ஆசதான். எறங்கப் படி இல்லளா."

"அதுக்கு நாம இன்னாடி பண்ண முடியும்?"

"பூச அன்னைக்கு மூடியத் தொறந்து உள்ளயும் பொட்டு வச்சாளுவ. நான் பாத்தேன்."

உள்ளேதான் கேமராக் கண் இருக்கிறது. கண் இருக்கிற முகத்தைப் பொட்டில்லாமல் விட நம்மவர்களுக்கு மனசு வருமா? வைத்ததைத் துடைக்கவும் மாட்டோம், அது தானாக உதிர வேண்டும்.

"சொன்னா, வெச்சவள தொரத்திடுவாங்கடி."

"பேரச் சொன்னாத்தானளா?" என்று கை கழுவப் போய்விட்டாய்.

நேரே சீனருக்கும் அமெரிக்கருக்கும் நடுவில் போய் நின்றாய். உன் திருநெல்வேலித் தமிழ் மொழிபெயர்க்கிற போனுக்குப் புரியாது என்று, செய்தி வாசிப்பவர் மாதிரி நிறுத்தி நிறுத்திப் பேசினாய். "எங்கள் பூசையில் உள்ளே சந்தனம் வைத்தோம். தவறு எங்களுடையதாக இருக்கலாம். எங்களுக்காகத் திறந்து பாருங்கள்." போன் அதைச் சீனத்தில் சொன்னது. அமெரிக்கருக்கு உன் இங்கிலீஷிலேயே சொன்னாய். அன்றுதான் இருவரும் முதன்முதலாக ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

சீனர் மூடியைத் திறந்தார். சந்தனம் வழிந்து கண்ணாடியில் காய்ந்திருந்தது. அவர் கையசைத்து அமெரிக்கரைக் கூப்பிட, இரண்டு தலையும் சேர்ந்து உள்ளே குனிந்தன. முதலில் சிரித்தது யார் என்று எனக்குத் தெரியவில்லை. மேனேஜர் மட்டும் சிரிக்கவில்லை.

"யார் வெச்சது?"

"நாங்க வச்சோம் சார்" என்றாய்.

நானும் எழுந்து, "நாங்கதான் சார்" என்றேன். ஒவ்வொருத்தியாக எல்லோரும் எழுந்து நின்றார்கள். முழு லைனையும் வீட்டுக்கு அனுப்ப அவரால் முடியவில்லை. கண்ணாடியைத் துடைத்ததும் சோதனையிலும் தேறினோம்.

திரும்பும்போது பஸ்ஸில் கேட்டேன். "அவங்க சண்ட போட்டுகினதாலதான நம்ம பக்கம் வேல வந்துகீது. நாளைக்கு ராசியாயிட்டா?" நீ ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டே சொன்னாய். "அடுத்த வீட்டுச் சண்டைய நம்பி அடுப்பு பத்த வைக்க முடியுமாளா? போர்டு நல்லா இருந்தா நம்மகிட்டதான் வருவாவ."

இன்று கேன்டீன் டிவியில் அந்த இரண்டு நாட்டுத் தலைவர்களும் ஒரே மேசையில் உட்கார்ந்து கைகுலுக்கினார்கள். வரியைக் குறைக்கப்போகிறார்களாம். பெண்கள் சாப்பாட்டை விட்டுவிட்டு என் முகத்தைப் பார்த்தார்கள். புது மாடல் நமக்கா, இல்லை சீனாவுக்கே திரும்புமா என்று முடிவு செய்ய அடுத்த வாரம் இரண்டு தரப்பும் இங்கே வருகிறது. லைன் லீடர் என்று என்னையும் பேச்சில் உட்காரச் சொல்லியிருக்கிறார்கள். பயமில்லை என்றால் அது பொய். ஆனாலும் அவர்கள் அடித்துக்கொள்ள வேண்டும் என்று நான் வேண்டிக்கொள்ள மாட்டேன். நீ பஸ்ஸில் சொன்னதை அப்படியே பெண்களிடம் சொல்லி, சாப்பிடச் சொன்னேன்.

அடுத்த வாரம் அந்த இரண்டு தரப்பும் உள்ளே வரும்போது மிஷின் மூடியை நானே திறந்து வைத்திருப்பேன். திறக்கச் சொல்லி யாரும் யாரிடமும் கேட்க வேண்டியிருக்காது. தப்பு இருந்து, யார் செய்தது என்று கேட்டால், நாங்கள் என்பேன். அந்த 'நாங்க'வில் இன்னும் நீ இருக்கிறாய்.