பக்கத்து சீட்டின் பிரேக்

மார்ச் 4, செவ்வாய்

காரின் பின் சக்கரத்திலிருந்து கிறீச் என்று சத்தம். நேற்றும் இருந்தது, நான்தான் காதில் போட்டுக்கொள்ளவில்லை. இன்று சிக்னலில் பக்கத்து ஸ்கூட்டர்காரர் எட்டிப் பார்த்து, "பின்னாடி பிரேக் பேட் போயிடுச்சுக்கா" என்றார். கேட்காமலே வைத்தியம்.

அவர் சொன்னது எனக்குக் கேட்டதோ இல்லையோ, பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் வீட்டுக்காரருக்கு நன்றாகக் கேட்டுவிட்டது. ஆபீஸ் வாசலில் இறங்குகிற வரைக்கும் வலது காலைத் தரையிலிருந்து எடுக்கவில்லை. இவருக்கு வண்டி ஓட்டத் தெரியாது. கல்யாணமாகி இருபத்தாறு வருஷத்தில் ஒரு நாளும் ஸ்டியரிங்கைத் தொட்டதில்லை. ஆனால் நான் ஓட்டும்போதெல்லாம் பக்கத்து சீட்டில் உட்கார்ந்து பிரேக் போடுவது இவர்தான். லாரி வந்தால் ஒரு மிதி, நாய் வந்தால் ஒரு மிதி. அந்தப் பக்கத்து கால்மிதி, வலது கால் படுகிற இடத்தில் மட்டும் தேய்ந்து ஓட்டையாகிவிட்டது.

இன்ஷூரன்ஸ் ஆபீசில் விபத்து கிளெய்ம் பார்க்கிற வேலை. நாள் முழுக்க நசுங்கின வண்டிகளின் ஃபோட்டோவைப் பார்க்கிற மனுஷன். பயப்படாமல் என்ன செய்வார் என்று நானே சமாதானம் சொல்லிக்கொள்வேன். சில நாள் சமாதானம் ஆகும். சில நாள் ஆகாது.

22-ஆம் தேதி மகள் வீட்டுக்குப் போகணும். மலையேறி அந்தப் பக்கம் இறங்கணும். அவளுடைய தையல் மெஷினை எடுத்துப் போகணும். பிரேக் இல்லாமல் எப்படி?

மார்ச் 5, புதன்

மெக்கானிக் ஷெட்டுக்குள் நிற்க இடமில்லை. "இருபத்தஞ்சுக்கு மேல கொண்டு வாங்க மேடம், மூணு வண்டியைப் பிரிச்சுப் போட்டிருக்கேன்" என்றார்.

மத்தியானம் லேபில் யாருடைய பல் செட்டையோ கையில் வைத்துக்கொண்டே நாலு வீடியோ பார்த்தேன். சக்கரத்தைக் கழற்று, இரண்டு போல்ட், காலிப்பர் என்கிற அந்த இரும்புக் கவ்வியைத் தூக்கு, தேய்ந்த பேடை எடு, பேடைத் தள்ளுகிற பிஸ்டனை உள்ளே அனுப்பு, புதுசைப் போடு. இவ்வளவுதானா? இதற்கா இத்தனை வருஷம் பயந்து நின்றோம்? நான் பல் செட் செய்கிறவள். ஒரு மயிரிழை உயர்ந்தாலும் கடிக்கும்போது தெரிந்துவிடும் என்கிற வேலை. கை அரிக்க ஆரம்பித்துவிட்டது.

சாப்பிடும்போது சொன்னேன்.

"நானே மாத்தப் போறேன்."

"எதை?"

"பின் பிரேக்கை."

கரண்டியைக் கீழே வைத்தார். "வைப்பரை மாத்து, லைட்டை மாத்து, வேணாங்கல. பிரேக்கையா? நீ மாத்தின பிரேக்கை நம்பி நான் மலை ஏற மாட்டேன். ஏறினாலும் இறங்க மாட்டேன்."

சிரித்துக்கொண்டேதான் சொன்னார். எனக்குச் சுருக்கென்றது.

மார்ச் 6, வியாழன்

பேட் வாங்கிவிட்டேன்!

ஸ்பேர் பார்ட்ஸ் கடைக்காரர், "மாத்தப் போறது சாரா?" என்றார். சாருக்கு ஓட்டவே தெரியாது, நான்தான் என்றேன். மனுஷன் சிரிக்கவில்லை. கவுண்டரில் ஒரு பழைய காலிப்பரை எடுத்து வைத்துப் பாடமே நடத்தினார். முன் பிரேக் பிஸ்டனை அமுக்கினால் உள்ளே போகும். என் வண்டியின் பின் பிரேக் பிஸ்டனை அமுக்கக் கூடாது, திருகித்தான் உள்ளே அனுப்பணும். அதற்கென்று இருக்கிற திருகியை டிராயரிலிருந்து எடுத்து, திருப்பித் தந்தால் போதும் என்று கொடுத்தார்.

"ஒண்ணே ஒண்ணு மறந்துடாதீங்க மேடம். ஹேண்ட்பிரேக்கை இறக்கிட்டுத்தான் ஆரம்பிக்கணும். அது மேல இருந்தா பிஸ்டன் முழுசா உள்ள போகாது. வண்டியைக் கியர்ல விட்டு, முன்சக்கரத்துக்குக் கட்டை கொடுத்துடுங்க. போதும்."

ஜாக்கை மட்டும் நம்பாதே என்று வீடியோவில் சொன்னார்கள் என்று, வண்டியைத் தாங்க இரண்டு ஸ்டாண்டும் வாங்கினேன். பேடைத் துணி அலமாரியில் வைத்திருக்கிறேன். இரண்டு தரம் திறந்து பார்த்தாயிற்று. என்ன ஒரு கனம், என்ன ஒரு சுத்தம்!

மார்ச் 7, வெள்ளி

நாளைக்கு. பள்ளிக்கூடச் சுற்றுலாவுக்கு முந்தின நாள் மாதிரி இருக்கிறது. நாற்பத்தொன்பது வயசில் இது என்ன கூத்து.

மார்ச் 8, சனி

தோற்றேன்.

ஆரம்பம் அவ்வளவு நன்றாக இருந்தது. கட்டை கொடுத்தேன், தூக்கினேன், ஸ்டாண்டில் நிறுத்தினேன், சக்கரம் கழன்றது. முதல் போல்ட் அசையவில்லை. ஸ்பானரில் பைப்பைச் செருகி ஏறி மிதித்தேன், 'டக்' என்று விட்டது. அந்த 'டக்'குக்காகவே இன்னொரு தரம் செய்யலாம். காலிப்பரைத் தூக்கிக் கம்பியில் கட்டிவிட்டேன். உள்பக்கத்துப் பேடில் மருந்துக்குக்கூட ஒன்றும் மிச்சமில்லை, இரும்பு தெரிகிறது. வெளிப்பக்கத்தது பாதி இருக்கிறது. ஒரு பக்கமாகவே மென்று தேய்த்த பல்தான். எனக்குப் பழக்கமான காட்சி.

இவர் ஜன்னலுக்கும் வாசலுக்குமாக நடந்துகொண்டிருந்தார். "உள்ள போய் தண்ணி குடிச்சுட்டு வாயேன், முகமெல்லாம் வேர்த்திருக்கு." அக்கறையாகச் சொல்கிறாரே என்று போய்க் குடித்துவிட்டு வந்தேன்.

வந்து பிஸ்டனைத் திருகினேன். போனது, போனது, நின்றுவிட்டது. புதுப் பேடை வைத்தால் காலிப்பர் மூடவில்லை. லேபிலிருந்து கொண்டுவந்த அளவுகோலால் அளந்தேன். ஒன்றரை மில்லிமீட்டர் இடம் போதவில்லை. இரண்டு மணி நேரம் மல்லுக்கட்டினேன். கை தோல் உரிந்ததுதான் மிச்சம். பழசையே வைத்து மூடினேன்.

எல்லாம் முடிந்து கதவைத் திறந்து பார்த்தால் — ஹேண்ட்பிரேக் மேலே இருக்கிறது.

இறக்கவே இல்லையா நான்? இறக்கினேனே. இறக்கினேனா? கடைக்காரர் ஒன்றே ஒன்றுதான் மறக்காதே என்றார். அதையே மறந்திருக்கிறேன். இவர் சொன்னது சரிதானோ. பிரேக்கில் கை வைக்கிற ஆளா நான்?

மார்ச் 9, ஞாயிறு

எழுத ஒன்றுமில்லை.

மார்ச் 10, திங்கள்

வண்டியைத் தொடக் கூடாது, இரும்பு உரசும். பஸ்ஸில் போய் வந்தேன். வீட்டுக்கு வந்தால் ஃப்ரிட்ஜ் கதவில் காந்தம் வைத்து ஒரு பஸ் டிக்கெட். 22-ஆம் தேதி, காலை ஏழு மணி, சீட் நம்பர் பதினாலு. ஒரே ஒரு சீட்.

"உனக்கும் போட்டுடவா? மெஷினைப் பார்சல்ல அனுப்பிடலாம்" என்றார்.

வேணாம் என்றேன்.

குளியலறையில் குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். எதுக்கு அழறேன்? பேடுக்கா? பேடு கிடக்குது. இருபத்தாறு வருஷமா ஓட்டுறேன். ஒரு கீறல் உண்டா? இவரைப் பிரசவத்துக்கு மட்டும்தான் கூட்டிட்டுப் போகல, மத்த எல்லா இடத்துக்கும் நான்தான் கூட்டிட்டுப் போயிருக்கேன். ஒரு நாளாவது, ஒரே ஒரு நாளாவது அந்தக் காலைச் சும்மா வெச்சிருக்காரா? அந்தக் கால் என்னை நம்பணும். எனக்கு அது வேணும். வேற ஒண்ணும் வேணாம்.

மார்ச் 12, புதன்

லேபில் ஒரு செட் வாயில் உட்காரவில்லை என்று திரும்பி வந்தது. வழக்கம்போல அதன் ஜாப் கார்டை எடுத்தோம். எங்கள் லேபில் ஒவ்வொரு செட்டுக்கும் ஒரு கார்டு உண்டு. ஒவ்வொரு படியையும் செய்தவர் நேரம் போட்டுக் கையெழுத்துப் போடணும். செய்யாத படிக்கு நான் கையெழுத்துப் போட்டதே கிடையாது. எந்தப் படியில் தப்பு என்று ஐந்து நிமிஷத்தில் தெரிந்துவிட்டது.

ஆமாம், பிரேக்குக்கு ஏன் நான் கார்டு போடவில்லை?

மார்ச் 13, வியாழன்

கார்டு தயார். பதினேழு படிகள். முதல் படி: ஹேண்ட்பிரேக் கீழே. சிவப்பு மையில். மறுபடி கை அரிக்கிறது. சனிக்கிழமை சீக்கிரம் வந்தால் தேவலை.

மார்ச் 15, சனி

ஜெயித்தேன்! வரிசையாக எழுதணும்.

காலை 8.10. ஹேண்ட்பிரேக்கை இறக்கினேன். கையெழுத்து. கியர், கட்டை, ஸ்டாண்ட் — எல்லாவற்றுக்கும் கையெழுத்து. காலிப்பரைத் தூக்கிக் கட்டியாயிற்று. வாசலிலிருந்து குரல்: "தண்ணி குடிச்சுட்டு வாயேன்." குடித்துவிட்டு வந்து திருகினேன். நின்றது. அதே ஒன்றரை மில்லிமீட்டர்.

எழுந்து போய்க் கதவைத் திறந்தேன். ஹேண்ட்பிரேக் மேலே.

கார்டைப் பார்த்தேன். 8.10, என் கையெழுத்து. நிமிர்ந்தேன். இவர் காலி டம்ளரோடு வாசலில் நிற்கிறார், என்னைப் பார்க்காமல் தென்னை மரத்தைப் பார்க்கிற மாதிரி எங்கேயோ பார்க்கிறார். எங்கள் தெருவில் தென்னை மரமே கிடையாது.

"யாருங்க தூக்கினது?"

டம்ளரை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றினார்.

"போன சனிக்கிழமையும் நீங்கதானா?"

"போன சனிக்கிழமையும்தான்."

வாயில் வந்ததையெல்லாம் கத்தினேன். ஏழு நாளா என்னை நானே திட்டிட்டிருக்கேன், எனக்கு மறதி வந்துடுச்சுன்னு பயந்து செத்தேன், நீங்க பாட்டுக்கு டிக்கெட் எடுத்து ஃப்ரிட்ஜ்ல ஒட்டுறீங்க — எதிர்வீட்டுக்காரம்மா எட்டிப் பார்க்க மாடிக்கே வந்துவிட்டார்.

இவர் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு மெதுவாகச் சொன்னார். "நீ அடியில உக்காந்திருக்க. வண்டி உருண்டுச்சுன்னா? ஒருத்தர் இப்படித்தான் வீட்டு வாசல்ல ஏதோ கழட்டிட்டிருந்தாரு. ஹேண்ட்பிரேக் போடல. அந்த ஃபைலை நான்தான் முடிச்சேன். கையெழுத்துப் போட அவங்க வீட்டம்மாதான் வந்தாங்க. நீ குனியும்போதெல்லாம் அந்தம்மா முகம்தான் தெரியுது."

கோபம் எங்கே போனதென்று தெரியவில்லை. பிஸ்டன் உள்ளே போக வேணாம் என்று இந்த மனுஷன் செய்யவில்லை. நான் நசுங்க வேணாம் என்று செய்திருக்கிறார். சொன்னால் நான் சிரிப்பேன் என்று சொல்லாமல் செய்திருக்கிறார். சிரிப்பு வந்துவிட்டது எனக்கு, அடக்க முடியவில்லை.

கார்டை அவர் கையில் கொடுத்தேன். "ஆபீஸ்ல எப்படிப் பார்ப்பீங்களோ அப்படிப் பாருங்க. கட்டை சரியா, ஸ்டாண்ட் சரியா, கியர்ல இருக்கா. ஒண்ணு சரியில்லைன்னாலும் நான் இன்னைக்கு நிறுத்திக்கறேன். எல்லாம் சரின்னா நீங்களே கையெழுத்துப் போட்டு, நீங்களே ஹேண்ட்பிரேக்கை இறக்குங்க."

கண்ணாடியை மாட்டிக்கொண்டார். கட்டையை உதைத்துப் பார்த்தார். தரையில் குனிந்து ஸ்டாண்டைப் பார்த்தார். என்னைத் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டு வண்டியை அசைத்துப் பார்த்தார். ஒரு கிளெய்முக்குக்கூட இவ்வளவு நேரம் எடுப்பாரா தெரியாது. இடதுபக்கக் கட்டையை மட்டும் அரை அங்குலம் நகர்த்தினார், இல்லையென்றால் ஆபீசர் எதற்கு. கையெழுத்துப் போட்டார், அதற்குக் கீழே தேதியும். பிறகு உள்ளே கையை விட்டு ஹேண்ட்பிரேக்கை இறக்கினார்.

திருகினேன். போனது, போனது — போய்க்கொண்டே இருந்தது! அடி வரைக்கும். புதுப் பேடின் மேல் காலிப்பர் போய் உட்கார்ந்த அழகு இருக்கிறதே, அளவெடுத்துச் செய்த செட் வாயில் உட்கார்ந்த மாதிரி. வலது பக்கம் முடிந்து, இடது பக்கம் நாற்பதே நிமிஷம். போல்ட்டையெல்லாம் இவர் ஒவ்வொன்றாக எண்ணிக் கொடுத்தார்.

கடைசிப் படி: பிரேக்கைப் பலதரம் மிதித்து, பேடை இடத்துக்குக் கொண்டுவரணும். நான் சக்கரத்தைப் பார்க்கணும், யாராவது மிதிக்கணும்.

"ஏறி உக்காருங்க."

"நானா? அந்த சீட்லயா?"

ஏறினார். இரண்டு கையாலும் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு மிதித்தார். "அடி வரைக்கும் போகுதும்மா!" முகம் வெளுத்துவிட்டது.

"முதல்ல அப்படித்தான் போகும். மிதிங்க. இத்தனை வருஷமா அந்தப் பக்கம் மிதிச்சதெல்லாம் வீண். இது நிஜ பிரேக்."

மிதித்தார். நாலாவது மிதியில் குரல் மாறியது. "கெட்டியாகுது." ஆறாவதில், "கல்லு மாதிரி நிக்குதும்மா." நான் போதும் என்ற பிறகும் மிதித்துக்கொண்டே இருந்தார்.

மார்ச் 16, ஞாயிறு

காலி மைதானத்துப் பக்கம் தனியாகப் போய், மெதுவாகவும் வேகமாகவும் பத்துப் பதினைந்து தரம் பிரேக் போட்டுப் பார்த்தேன். சத்தமே இல்லை. ஹேண்ட்பிரேக் மேட்டில் நிற்கிறது. கண்ணாடியை இறக்கிவிட்டு வாய்விட்டுப் பாடிக்கொண்டே வந்தேன்.

கடைக்காரரிடம் திருகியைக் கொடுத்தேன். "உள்ள போச்சா?" என்றார். ஒரு வாரம் லேட்டாகப் போச்சு என்றேன்.

இவர் கேட் பக்கம் நின்று நான் நிறுத்துவதைப் பார்த்தார். டிக்கெட் ஃப்ரிட்ஜிலேயே இருக்கிறது.

மார்ச் 21, வெள்ளி

மெஷினைப் பின் சீட்டில் ஏற்றிக் கட்டியாயிற்று. டிக்கெட்டைப் பற்றி நான் கேட்கவில்லை. கேட்டு வரவழைத்தால் அது கணக்கில்லை.

மார்ச் 22, சனி

மகள் வீட்டில் உட்கார்ந்து எழுதுகிறேன். பக்கத்து அறையில் மெஷின் ஓடுகிறது, இப்போதே திரைச்சீலை தைக்க ஆரம்பித்துவிட்டாள்.

காலையில் நான் வண்டியை வெளியே எடுத்தபோது மணி ஆறரை. இவர் பையோடு வந்தார், கதவைத் திறந்தார், உட்கார்ந்து பெல்ட்டைப் போட்டார். "பஸ்?" என்றேன். "பதினாலாம் நம்பர்ல யாராவது உக்காந்துட்டுப் போகட்டும்" என்றார். என் முகத்தைப் பார்க்கவில்லை. நானும் பார்க்கவில்லை.

ஏறும்போது அந்தக் கால் வழக்கம்போல மிதித்துக்கொண்டேதான் வந்தது. உச்சியில் நிறுத்தி டீ குடித்தோம். அங்கே ஒரு கிலோ ஆரஞ்சு வாங்கினார். பிறகு இறக்கம்.

மூன்றாவது வளைவில் எதிரே ஒரு பஸ் ரோட்டை அடைத்துக்கொண்டு வந்தது. பிரேக்கை அழுத்தினேன். வண்டி சத்தமில்லாமல் நின்றது. நின்றதும் பழக்கத்தில் என் கண் பக்கத்து சீட்டின் கீழே போனது.

கால்மிதியில், அந்த ஓட்டை மேல், இவருடைய செருப்பு மட்டும் இருந்தது. இவர் இரண்டு காலையும் மேலே தூக்கி, சம்மணம் போட்டு உட்கார்ந்து, மடியில் தோலைச் சேர்த்துக்கொண்டு ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தார்.

"ஏன் நின்னுட்ட?" என்றார்.

"பஸ் வருதுங்க."

"ஓ" என்று சொல்லி, ஒரு சுளையை என் பக்கம் நீட்டினார்.