கடலோரக் காணியும் துருவப் பனியும்

பதுளை பஜாரில் இன்று தேசிக்காய்த் தண்ணீர் வாங்கினேன். கிளாசில் ஐஸ் கட்டி மிதந்ததும் உன் ஞாபகம் வந்துவிட்டது.

தையல் கடையில் நம் மெஷின்கள் பக்கத்துப் பக்கத்தில் இருந்தன. ஸ்பிரிங்வெளித் தோட்டத்திலிருந்து பஸ்ஸில் வரும் எனக்கும் சேர்த்து நீ சோறு கொண்டுவருவாய். உன் மருமகன் பொத்துவிலில், கடலைப் பார்த்த காணி வாங்கி வீடு கட்டப்போவதாகச் சொல்லிச் சொல்லிச் சந்தோஷப்பட்டாய். துருவத்தில் பனி உருகிக் கடல் உயர்கிறதாம், யோசித்து வாங்கச் சொல் என்றேன். நீ சிரித்தாய்.

“ஐஸ் கரைஞ்சா கிளாஸ் வழியுமா? வா, பாத்திருவோம்.”

விளிம்புவரை நிறைந்த தண்ணீரில் ஐஸை மிதக்கவிட்டாய். கரைந்து முடிந்தும் ஒரு சொட்டு வழியவில்லை. அப்போது உன் முகத்தைப் பார்க்க வேண்டுமே.

“மெதக்குறது சரிதான் புள்ள. ஆனா தென் துருவத்துல, கிரீன்லாந்துல எல்லாம் பனி தரைக்கு மேலதானே கெடக்கு” என்றேன். பத்திரிகையில் படித்திருந்தேன்.

நீயே தேத்தண்ணி வடிக்கும் வடியை எடுத்து இன்னொரு நிறை கிளாசின் மேல் வைத்து, அதில் ஐஸைப் போட்டாய். சொட்டுச் சொட்டாய் இறங்கி, கிளாஸ் வழிந்து, மேசையில் கிடந்த பாவாடைத் துணி நனைந்தது.

“அப்ப மெதக்குற பனி போனாப் பரவாயில்லையா?”

வாசல் வெயிலில் கிடந்த வெள்ளைத் துணியையும் கறுப்புத் துணியையும் தொட்டுப் பார்க்கச் சொன்னேன். கறுப்புத்தான் சுட்டது. வெள்ளைப் பனி வெயிலைத் திருப்பி அனுப்பிவிடும். அது போய்விட்டால் கரிய கடல் அந்தச் சூட்டை வாங்கிக்கொள்ளும், சூடேறிய தண்ணீர் பருத்துக் கடல் இன்னும் உயரும் என்றேன்.

மறுநாளே பொத்துவில் போனாய். “மாமி, அதெல்லாம் எங்கட காலத்துல வராது” என்றாராம் மருமகன். “வீட்ட ஒங்களுக்கு மட்டுமா கட்டுறீங்க?” என்று கேட்டாயாம். பிறகு ஊருக்குள் தள்ளி, மேட்டில் வாங்கினார். அந்த வீட்டில் ஒரேயொரு நோன்புப் பெருநாள்தான் உனக்கு வாய்த்தது; அடுத்ததற்குள் நீ போய்ச் சேர்ந்துவிட்டாய்.

போன மாதம் பொத்துவில் போயிருந்தேன். அவர் முதலில் வாங்கப் பார்த்த காணியில் பாதியைக் கடல் எடுத்துவிட்டது. எல்லாம் பனியால் இல்லை, மண் அள்ளியதும் காரணம் என்கிறார் மருமகன். கரையோரக் கிணறுகளில் உப்பு ஏறிவிட்டதாம். “எங்கட கிணறு இன்னும் நல்ல தண்ணி, குடிங்க ஆன்ட்டி” என்று உன் மகள் கொண்டுவந்து தந்தாள்.

அன்று கிளாஸ் வழிந்ததும் நீ என்னோடு வாதாடியிருக்கலாம். நனைந்த துணியைப் பிழிந்து கொடியில் போட்டுவிட்டு, “காலையில பொத்துவில் பஸ் எத்தன மணிக்கு?” என்று கேட்டாய். நான் பிடிவாதக்காரி, உனக்குத் தெரியும். இப்போதெல்லாம் நான் நினைத்தது பிழை என்று தெரிய வரும்போது, வாதாட வாயைத் திறப்பதற்குமுன் பஸ் நேரம் கேட்ட உன் குரல்தான் எனக்குக் கேட்கிறது.