ஒரு விலாசத்துக்கு நட்டஈடு

2025 மார்ச் 6, வியாழன்

பார்மசியில் இன்று மூச்சுவிட நேரமில்லை. சளியும் இருமலுமாக லண்டன் ஹரோவில் பாதிப்பேர் எங்கள் கடைக்குள் நின்றார்கள். மருந்துப் பையைக் கொடுக்குமுன் விலாசம் கேட்பது என் வேலை. எல்லோரும் எவ்வளவு சாதாரணமாகச் சொல்கிறார்கள், பின்னால் நிற்பவருக்கும் கேட்கும்படி! என்னிடம் யாராவது கேட்டால் பேச்சை மாற்றிவிடுவேன்.

கணவர் றெஜினோல்டை விட்டு வந்து மூன்று வருடமாகிறது. அவர் ஹவுன்ஸ்லோவில் இருக்கிறார். எங்களைத் தேடவோ தொடர்புகொள்ளவோ கூடாது என்று கோர்ட் உத்தரவு இருக்கிறது. உத்தரவை விட, நாங்கள் எங்கே இருக்கிறோம் என்று அவருக்குத் தெரியாது என்பதைத்தான் நான் நம்பியிருந்தேன்.

மாலையில் மகள் ஜெனோஜாவின் பள்ளிக்கூடத்திலிருந்து மின்னஞ்சல். பள்ளிக்கூடத்தை நடத்தும் நிறுவனத்தின் கணினிகளுக்குள் யாரோ புகுந்து விபரங்களை எடுத்துவிட்டார்களாம். பெயர், பிறந்த திகதி, விலாசம், "பிள்ளைகளின் பாதுகாப்புத் தொடர்பான சில குறிப்புகள்". எடுத்தவர்கள் அவற்றை இணையத்தில் போடவும் கூடுமாம். வருந்துகிறோம் என்று முடித்திருக்கிறார்கள்.

மகளிடம் மறைக்க விரும்பவில்லை. சொன்னேன்.

"எல்லாமா? மிஸ்ஸிட்ட நான் சொன்னதுமா?"

"தெரியேல்லையம்மா."

இந்தப் பள்ளிக்கூடத்துக்கு வந்த முதல் வருடம், பிள்ளைகளின் பாதுகாப்பைக் கவனிக்கும் மிஸ் அடேயெமியிடம் அழுதழுது எல்லாவற்றையும் சொன்னவள் அவள். அப்பா என்னைச் சுவரோடு தள்ளியது, என் கை முறிந்தது, விழுந்து முறிந்ததாக ஆஸ்பத்திரியில் நான் பொய் சொன்னது. அதன்பிறகுதான் அவள் ஒழுங்காக நித்திரை கொள்ளத் தொடங்கினாள்.

இன்று பாதிச் சாப்பாட்டில் எழுந்து போய்விட்டாள். நானும் சாப்பாட்டை மூடி வைத்தேன்.

மார்ச் 9, ஞாயிறு

பூசை முடிந்து சேர்ச் வாசலில் இதே கதை. ஒரு லோயர் நிறுவனம் பெற்றோரைச் சேர்த்து நட்டஈடு கேட்கப் போகிறதாம். வெல்லாவிட்டால் காசு வேண்டாமாம். மெற்றில்டா அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார். "உன்ர பேரத்தான் முதல்ல குடுக்கோணும். எங்களுக்கென்ன, வீட்டு விலாசம் போனா ரெண்டு பொய்ப் போன் கோல் வரும். உனக்கு அப்பிடியே?"

நாங்கள் வீடு மாறிய அன்று வான் ஓட்டியவர் அக்காவின் கணவர். திரைச்சீலை கொழுவியது அக்கா. லண்டனில் எங்கள் வாசற்கதவு தெரிந்த ஒரே குடும்பம்.

பெயர் கொடுத்தேன்.

மார்ச் 21, வெள்ளி

கதவுக்கு இரண்டாவது பூட்டு. ஜெனோஜா அறையை விட்டு வெளியே வருவதே குறைவு. வயசு அப்படி என்று நினைக்கிறேன்.

ஏப்ரல் 12, சனி

கதவை இரண்டு தடவை பூட்டிப் பார்த்துவிட்டு எழுதுகிறேன்.

நாளை மறுநாள் ஜெனோஜாவுக்குப் பதினான்கு. தபாலில் ஒரு பிறந்தநாள் காட். உறையில் அந்தக் கையெழுத்து. எங்கட வீட்டு இலக்கம், தெரு, எல்லாம் சரி. உள்ளே "அன்பு மகளுக்கு, அப்பா". வேறொன்றுமில்லை. திட்டவில்லை, மிரட்டவில்லை. அதுதான் பயமாக் கிடக்கு. கலியாணம் கட்டின புதிசிலயும் இப்பிடித்தான், சத்தமே இல்லாம...

திரைச்சீலைகளை இழுத்து மூடிவிட்டேன். ஜெனோஜா காட்டைப் பார்த்து வெளிறிப்போனாள். "பயப்பிடாதேம்மா" என்றேன். என் குரல் எனக்கே பொய்யாகக் கேட்டது.

ஏப்ரல் 14, திங்கள்

பொலிஸ் வந்து போனது. காட் அனுப்பியதே உத்தரவை மீறியதுதான், அவரிடம் பேசுவோம் என்றார்கள். விலாசம் எப்படிக் கிடைத்திருக்கும் என்று கேட்டார்கள். பள்ளிக்கூடத்து விஷயத்தைச் சொன்னேன். "இருக்கலாம்" என்று எழுதிக்கொண்டார்கள். வேறு யாருக்குத் தெரியும் என்றும் கேட்டார்கள்.

அந்தக் கேள்வி அவர்களோடு போகவில்லை. வீட்டிலேயே இருக்கிறது.

பிறந்தநாள் கேக்கைத் திரைச்சீலை மூடியபடியே சாப்பிட்டோம்.

ஏப்ரல் 27, ஞாயிறு

கேட்டே விட்டேன். சேர்ச் கார் நிறுத்துமிடத்தில் வைத்து. "அக்கா, நீங்கள் ஆரிட்டையாவது எங்கட விலாசத்தச் சொன்னனீங்களோ? வாய் தவறியெண்டாலும்?"

மெற்றில்டா அக்கா உடனே கோபப்படவில்லை. "என்ர முகத்தப் பாத்து இதக் கேக்க உனக்கு எப்பிடி மனம் வந்தது, பியற்றிஸ்?" அவ்வளவுதான். காரில் ஏறிக் கதவைச் சாத்தினார்.

உண்மையானவர் கோபப்பட்டிருப்பார் என்று ஒரு மனம். உண்மையானவருக்குத்தான் இப்படி வலிக்கும் என்று இன்னொரு மனம். மூன்று வருடமாக எனக்கிருந்த ஒரே கூட்டு. யாரோ முகம் தெரியாதவன் ஒரு கணினிக்குள் புகுந்தான், நான் மெற்றில்டா அக்காவை இழந்துவிட்டேன். இதற்கெல்லாம் நட்டஈட்டில் இடம் இருக்குமா?

மே 20, செவ்வாய்

லோயர் நிறுவனத்தில் எங்களுக்குக் கிடைத்தவர் தர்சிகன் என்ற பெடியன். இங்கேயே பிறந்தவன், ஆனால் நல்ல தமிழ். என் கதையைக் கேட்டுவிட்டுப் பேனையை வைத்தான்.

"அக்கா, மற்ற எல்லாருக்கும் மனக்கவலை. உங்களுக்கு உண்மையிலயே ஒண்டு நடந்திருக்கு. உங்கட கேஸத்தான் முன்னுக்கு வைக்கலாம் எண்டு யோசிக்கிறம். ஆனா விலாசம் வேற வழியில போகேல்லை எண்டதக் காட்டோணும்."

மெற்றில்டா அக்காவிடம் ஒரு வாக்குமூலம் எடுக்கலாமா என்று கேட்டான். யோசித்துச் சொல்கிறேன் என்றேன்.

ஹரோவுக்குத் திரும்பும் ரயிலில் ஒரு யோசனை. வென்றால், இன்னும் தள்ளி, யாருக்கும் தெரியாத இடத்துக்குப் போகலாம். உடனே இன்னொன்று: அங்கேயும் ஒரு பள்ளிக்கூடம் விலாசம் கேட்குமே.

ஜூன் 7, சனி

எழுதாமல் இருக்க ஏலாது. எழுதவும் ஏலாமல் கிடக்கு.

காலையில் தர்சிகனோடு போனில் கதைத்துக்கொண்டிருந்தேன். "ஓம், மெற்றில்டா அக்காட்ட நீங்களே கேளுங்கோ, என்னோட அவ கதைக்கிறேல்லை" என்று சொல்லிப் போனை வைத்தேன். திரும்பினால் ஜெனோஜா குசினி வாசலில் நிற்கிறாள்.

"அம்மா, மெற்றில்டா அன்ரி இல்லை. நான்தான்."

"என்ன நீ?"

"விலாசம் குடுத்தது நான்தான்."

கத்தினேன். என்ன சொல்லிக் கத்தினேன் என்று இப்போது ஞாபகமில்லை. அவள் அசையாமல் நின்றாள். நான் களைத்துப்போய்க் கதிரையில் இருந்த பிறகுதான் சொன்னாள், ஆங்கிலமும் தமிழுமாக.

பள்ளிக்கூடத்து மின்னஞ்சல் வந்த நாளிலிருந்து அவளுக்கு ஒரே பயம். மிஸ்ஸிடம் சொன்னதையெல்லாம் அப்பா இணையத்தில் வாசித்துவிடுவார். "அவர் வாசிக்க முன்னம் நானே சொல்லிட்டா கோவம் குறையும் எண்டு நினைச்சன். அவருக்குக் கோவம் வந்தா உங்களுக்குத்தானே அடி விழும், அம்மா." பழைய மின்னஞ்சலில் இருந்து அவருக்கு எழுதியிருக்கிறாள்: நான்தான் மிஸ்ஸிடம் சொன்னேன், அம்மா சொல்லச் சொல்லவில்லை, ஸொறி அப்பா. அவர் பதில் போட்டிருக்கிறார்: கோபமில்லை, பிறந்தநாளுக்குக் காட் அனுப்ப வேண்டும், விலாசத்தை மட்டும் தா.

ஸொறி. அவள் அவரிடம் ஸொறி கேட்டிருக்கிறாள்!

நான் பூட்டு வாங்கித் திரிந்த நாளெல்லாம் என் பிள்ளை அடுத்த அறையில் எனக்குக் காவல் இருந்திருக்கிறாள். வயசு அப்படி என்று நான் எழுதி வைத்திருக்கிறேன்.

கட்டிப்பிடித்தேன். மரக்கட்டை மாதிரி நின்றாள். கனநேரத்துக்குப் பிறகுதான் உடம்பு தளர்ந்தது.

ஜூன் 8, ஞாயிறு

மெற்றில்டா அக்கா வீட்டுக்குப் போனேன். கதவைத் திறந்தவர் உள்ளே வா என்று சொல்லவில்லை. படியில் நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னேன். மன்னிப்பும் கேட்டேன்.

"பிள்ளை சாப்பிடுறாளே?" என்று மட்டும் கேட்டார். பிறகு, "எனக்குக் கொஞ்ச நாள் வேணும், பியற்றிஸ்" என்றார். நியாயம்தானே.

ஜூன் 10, செவ்வாய்

அந்த மின்னஞ்சல்களைப் பொலிஸுக்குக் கொடுத்தோம். விலாசம் கேட்டவரில்தான் பிழை, கொடுத்த பிள்ளையில் இல்லை என்று அந்தப் பொலிஸ் பெண் ஜெனோஜாவின் முகத்தைப் பார்த்துச் சொன்னார். நான் சொல்லியிருக்க வேண்டியது.

ஜூன் 19, வியாழன்

தர்சிகனிடம் ஒளிக்காமல் சொன்னேன். கேஸ் கையை விட்டுப் போய்விடும் என்று நினைத்துத்தான் போனேன். அவன் நிமிர்ந்து உட்கார்ந்தான்.

"இது பலவீனமில்லை, அக்கா. களவு போகாட்டி பிள்ளை பயந்திருக்காது. பயப்பிடாட்டி எழுதியிருக்காது. சொல்லப்போனா இன்னும் பலம். ஆனா ஜெனோஜாவே வாக்குமூலம் குடுக்கோணும். பள்ளிக்கூட நிறுவனத்து ஆக்களும் தங்கட டொக்டர வச்சு அவளக் கேள்வி கேப்பினம்."

"அந்தப் பிறந்தநாள் காட்டப் பற்றி ஒண்டும் எழுதாம விட்டா?"

"அப்ப நீங்களும் மற்ற ஆக்கள் மாதிரித்தான். மனக்கவலைக்கு மட்டும் கிடைக்கும். வித்தியாசம் பெரிசு, அக்கா. வடிவா யோசியுங்கோ."

இரவுச் சாப்பாட்டின்போது அவளிடமே கேட்டேன்.

"நான் திரும்பச் சொன்னா, அதையும் எங்கயோ எழுதி வைப்பினம்தானே?"

"ஓம்."

"அப்ப வேண்டாம்."

மனதுக்குள் ஒரு கணம் யாருக்கும் தெரியாத அந்தத் தூரத்து வீடு வந்து போனது. பொய்யில்லை, வந்து போனது. சரி என்றேன்.

ஜூலை 3, வியாழன்

தர்சிகனிடம் ஒன்று மட்டும் கேட்டிருந்தேன்: பள்ளிக்கூடத்தை நடத்தும் நிறுவனத்திலிருந்து யாராவது நேரில் வந்து என் மகளோடு பேச வேண்டும். இன்று ஒரு பெண் பள்ளிக்கூடத்துக்கு வந்தார். மிஸ் அடேயெமியும் இருந்தார். வந்தவர் கடுதாசியைப் பார்த்து, ஏற்பட்டிருக்கக்கூடிய மனவருத்தத்துக்கு வருந்துகிறோம் என்று தொடங்கினார்.

"நான் சொன்னதை யார் வாசித்தார்கள்?" என்று ஜெனோஜா இடைமறித்துக் கேட்டாள்.

அந்தப் பெண் கடுதாசியைக் கீழே வைத்தார். "எனக்குத் தெரியாது. எங்களில் யாருக்கும் தெரியாது. நாங்கள் அதைப் பத்திரமாக வைத்திருக்கவில்லை. அது எங்கள் பிழை."

மார்ச் மாதத்திலிருந்து அவர்கள் சொன்ன முதல் நேரான பேச்சு. மிஸ் அடேயெமி மேசைக்கு மேலால் கையை நீட்டினார். ஜெனோஜா கையை மடியிலேயே வைத்திருந்தாள்.

அக்டோபர் 7, செவ்வாய்

கோர்ட். உத்தரவை மீறியதை றெஜினோல்ட் ஒப்புக்கொண்டார். உத்தரவை நீட்டித்து, எங்கள் தெருப்பக்கமே வரக்கூடாது என்றும் சேர்த்திருக்கிறார்கள். அவர் பார்க்காதபடி போட்ட திரைக்குப் பின்னால் நான் இருந்தேன். வெளியே மெற்றில்டா அக்கா காருடன் நின்றார். வரச்சொல்லி நான் கேட்கவில்லை.

2026 பெப்ரவரி 10, செவ்வாய்

நட்டஈடு முடிவாகிவிட்டது. என் பங்கு வந்தது. பூட்டுகளுக்கும், லீவெடுத்த நாட்களின் சம்பளத்துக்கும் போக, ஒரு நல்ல குளிர்ச்சட்டை வாங்கலாம். ஜெனோஜாவின் பங்கு பதினெட்டு வயதுவரை கோர்ட்டின் பொறுப்பில் இருக்கும். நீதிபதி பார்த்து ஒப்புதல் கொடுத்தார். "இதுவும் எங்கயோ எழுதியிருக்குமா?" என்றாள். இந்தத் தடவை சிரித்தாள்.

எதற்கு இது ஈடு? யோசித்துப் பார்க்கிறேன். அவளுடைய ஸொறிக்கு இல்லை. எங்களோடு அக்கா பேசாத மாதங்களுக்கும் இல்லை. பிழை எங்களில் இல்லை என்று யாரோ கையெழுத்துப் போட்டுத் தந்தது மாதிரி இருக்கிறது. அவ்வளவு போதுமா என்று தெரியவில்லை. வாங்கிக்கொண்டேன்.

வீடு மாறவில்லை.

மார்ச் 19, வியாழன்

மத்தியானம் பார்மசிக்கு மிஸ் அடேயெமியிடமிருந்து போன் கோல். கையிலிருந்த மருந்துப் பையை அப்படியே வைத்துவிட்டேன். அவசரமில்லை என்று முதலில் சொன்னார். இடைவேளையில் ஜெனோஜா தானாகவே அவருடைய அறைக்கு வந்தாளாம். ஒரு வருடத்துக்குப் பிறகு. கதவடியில் நின்று, "நான் சொன்னால் எங்கே எழுதுவீர்கள்? யாரெல்லாம் பார்ப்பார்கள்?" என்று கேட்டிருக்கிறாள். மிஸ் கணினியைத் திருப்பி, எந்த இடத்தில் எழுதுவார், யாருக்கெல்லாம் அது திறக்கும் என்று காட்டினாராம். திரும்பக் களவு போகாது என்று தன்னால் சத்தியம் செய்ய ஏலாது என்றும் சொன்னாராம்.

"பிறகு?" என்றேன்.

"பிறகு கதவைச் சாத்திவிட்டு வந்து உட்கார்ந்தாள். மணி அடித்தபிறகும் பேசிக்கொண்டிருந்தாள்."

பின்னேரம் வந்து சப்பாத்தைக் கழற்றி எறிந்தாள். பசிக்குது என்றாள். என்ன கதைத்தாய் என்று வாய் வரைக்கும் வந்தது. கேட்கவில்லை. தோசைக்கல்லை அடுப்பில் வைத்தேன்.