ஒரு துளி விடாமல்

மார்ச் 2, திங்கள்

முப்பத்தோராவது வாரம். ரத்த அழுத்தம் 138/88. போன மாதம் 118/74.

நர்ஸ் என் சிறுநீரில் தோய்த்த பட்டையை டப்பாவில் அச்சிட்ட வண்ணக் கட்டங்களுக்கு அருகே வைத்துப் பார்த்தாள். மஞ்சளாக இருக்க வேண்டியது பச்சையாக இருந்தது. ‘புரதம், ஒரு பிளஸ்’ என்று எழுதினாள்.

டாக்டரம்மா அவசரப்படவில்லை. “பட்டை சொல்றத வெச்சு நான் எதையும் முடிவு பண்ணமாட்டேன். ஒரு நாள் முழுக்க சேர்த்துக் கொடுங்க. முந்நூறு மில்லிகிராமுக்கு மேல இருந்தா இங்கயே படுக்க வெச்சுருவேன்.”

வயது முப்பத்தொன்பது. இரண்டு கலைந்த பிறகு தங்கியது இது.

மார்ச் 5, வியாழன்

ஆய்வகத்தில் ஐந்து லிட்டர் கேன் கொடுத்தார்கள். காலையில் முதல் முறை போவதை விட்டுவிட வேண்டும். அதன்பின் மறுநாள் அதே நேரம் வரை போவதெல்லாம் கேனுக்குள். ஒன்று தவறினாலும் கணக்கு கெட்டுவிடும். கேன் குளிர்ச்சியில் இருக்க வேண்டும். எங்கள் வீட்டில் குளிர்ச்சிக்கு ஃப்ரிட்ஜை விட்டால் வேறு இடம் இல்லை.

நாத்தனார் கதவைத் திறந்து பார்த்துவிட்டு மெதுவாக மூடினாள். “அண்ணி, இந்த வீட்ல இனி ஜில்லுனு எதுவும் எனக்கு வேணாம்.”

என் கணவர் லிஃப்ட் மெக்கானிக். எச்சரிக்கை ஒட்டாமல் எந்தக் கதவையும் விடமாட்டார். கேனில் ஒரு சீட்டு: ‘எலுமிச்சை ஜூஸ் அல்ல.’

திங்கட்கிழமை லீவு சொல்லிவிட்டேன்.

மார்ச் 9, திங்கள்

காலை 6.10க்குத் தொடங்கினேன். 8.30, கேனில். 9.50, கேனில்.

10.15க்குத் தாடி அழைத்தார். செய்தி ஆசிரியருக்குத் தாடி போய்ப் பத்து வருடமாகிறது, பெயர் மட்டும் போகவில்லை. “இன்ஜினியர் வியாழக்கிழமை இல்ல, இன்னிக்கே பதினொண்ணுக்கு சாட்சி சொல்றாராம். நீ லீவு. புதுசா வந்தவள அனுப்பட்டுமா?”

குளிர்பதனக் கிடங்கின் கூரை சரிந்து பதினோரு பேர் இறந்தது பற்றிய விசாரணை; அந்தக் கூரைக்குச் சான்று கொடுத்தவர் இந்த இன்ஜினியர். இரண்டு வருடமாக நான் மட்டுமே பின்தொடர்ந்த செய்தி. நானே போகிறேன் என்றேன்.

பைக்குள் பாட்டில் வைத்துக்கொண்டுதான் கிளம்பினேன். விசாரணை மன்றத்தின் வாசலில் பைகளை வாங்கி வைத்துக்கொண்டார்கள். நோட்டும் பேனாவும் மட்டும் உள்ளே போகலாம். பாட்டில் எதற்கு என்று அந்தக் காவலாளியிடம் எப்படிச் சொல்வது? சொல்லவில்லை.

12.40க்கு ஒரு முறை, 3.20க்கு ஒரு முறை. இரண்டும் மன்றத்துக் கழிவறையில்.

இன்ஜினியர் சொன்னது, என் குறிப்பில் உள்ளபடியே: “கூரை மேல நான் ஏறல. ஏறிப் பார்த்தேன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.” ஏன் என்று கேட்டார்கள். “அதுக்கு முந்தின வருஷமெல்லாம் ஒண்ணும் ஆகல.”

நாளை முதல் பக்கம், என் பெயரோடு.

மார்ச் 10, செவ்வாய்

கேனைக் கொண்டுபோய்க் கொடுத்தேன். கவுன்டரில் இருந்த பெண் தூக்கிப் பார்த்தாள். “ஆயிரத்து ஐம்பது மில்லிதான் வருது. தண்ணி குடிக்கலையா?”

“கம்மியாதான் குடிச்சேன்.”

“ஒரு துளி விடாம சேர்த்தீங்கள்ல?”

“ம்.”

“இங்க ஒரு கையெழுத்து.”

போட்டேன்.

மறுபடி முதலிலிருந்து தொடங்குகிறேன் என்று சொல்லியிருக்கலாம். இன்னொரு நாள் லீவு, அவ்வளவுதான். அது மட்டும்தானா? படுக்க வைத்துவிடுவார் என்ற பயம் இல்லையா? இருந்தது.

மார்ச் 12, வியாழன்

சிறுநீர்ப் புரதம் 238. முந்நூறுக்குக் கீழே. அவர் நாற்காலியில் சாய்ந்து மூச்சு விட்டார்.

டாக்டரம்மா சிரிக்கவில்லை. இரண்டு தாள்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். “ரத்தத்துல ஆல்புமின்ங்கற புரதம் 2.5. கர்ப்பத்துல கொஞ்சம் இறங்கும்தான், இவ்வளவு இறங்காது. ரத்தத்துல குறையற புரதம் எங்கயாவது போயிருக்கணும். கேன்ல தேடினா காணோம்.” பிறகு என்னைப் பார்த்தார். “முழுசா சேர்த்தீங்கள்ல?”

தலையாட்டினேன்.

“சரி. அடுத்த வியாழன் திரும்பப் பார்ப்போம். நடுவுல தலைவலி வந்தாலோ, கண்ணுல பூச்சி பறந்தாலோ, ஒரு நிமிஷம் யோசிக்காம வந்துருங்க.”

இரண்டு பேர் இரண்டு விதமாகச் சொன்னால் ஒருவர் பொய் சொல்கிறார். இருபது வருடமாக இதை வைத்துத்தான் பிழைக்கிறேன். இந்த முறை யார் என்று விசாரிக்க வேண்டியதில்லை.

மார்ச் 13, வெள்ளி

மோதிரம் கழலவில்லை.

மார்ச் 15, ஞாயிறு

காலை எழுந்ததிலிருந்து நெற்றியில் வலி. வெயிலில் நடந்ததால் இருக்கும். நேற்று எங்கே நடந்தேன்?

நாத்தனார் என் முகத்தையே பார்த்தாள். “அண்ணி, கண்ணு ரெண்டும் வீங்கிப்போய் கெடக்கு. நல்லா தூங்கினியா, இல்ல யார்கிட்டயாவது அடி வாங்கிட்டு வந்தியா?”

“ரிப்போர்ட்தான் நல்லா வந்திருச்சே” என்றார் அவர். என் வயிற்றுப் பக்கம் திரும்பி, “உள்ள இருக்கிற முதலாளிகிட்ட கேளு, ஏதாவது கம்ப்ளெய்ன்ட் உண்டான்னு.”

என்னால் சிரிக்க முடியவில்லை. அவர் நம்புவது அந்தத் தாளை. அந்தத் தாள் நம்புவது என் கையெழுத்தை.

மார்ச் 16, திங்கள்

காலை பல் துலக்கும்போது கண்ணாடியின் வலது மூலையில் வெள்ளியாக ஏதோ மின்னியது. கண்ணை மூடினேன். மூடிய கண்ணுக்குள்ளும் மின்னியது.

அவரைக் கூப்பிட்டேன். நின்றபடியே சொன்னேன். கேன் முழுசு இல்ல. ரெண்டு தடவை விட்டுட்டேன். மன்றத்துல. சொல்லாம கையெழுத்துப் போட்டேன். டாக்டரம்மா கேட்டாங்க, அப்பவும் பொய்தான் சொன்னேன்—

அவர் திட்டுவார் என்று நினைத்தேன். திட்டியிருக்கலாம். சாவியை எடுத்தார். “படி இறங்கறப்ப என் தோள பிடிச்சுக்க.” வழியில் ஒரே ஒரு முறை பேசினார். “எங்கிட்ட கூடவா?”



அழுத்தம் 162/108. கேன் எல்லாம் கேட்கவில்லை, சின்னப் புட்டியில் கொஞ்சம் போதும் என்றார்கள். பட்டை கரும்பச்சையாகி மூன்று பிளஸ் காட்டியது. கையில் ஊசி, காலில் ஊசி. குழந்தையின் நுரையீரலுக்கு ஒன்று, எனக்கு வலிப்பு வராமலிருக்க ஒன்று.

டாக்டரம்மாவிடமும் சொன்னேன். பழைய தாளை எடுத்து 238ஐக் குறுக்கே அடித்தார். “ரத்தம் சொன்னது சரிதான்” என்றார். தாளை மடித்தபடி, “வியாழக்கிழமையிலேர்ந்து நாலு நாள் போயிருச்சும்மா.”

மார்ச் 18, புதன்

இங்கே நர்ஸே சேர்க்கிறாள். குழாய், பை, அளவு, நேரம். யாருடைய வாய்வார்த்தையும் தேவையில்லை.

24 மணி நேரம்: 1,840 மில்லிகிராம்.

தாடி வந்தார். இன்ஜினியரின் தொடர்ச்சியைப் புதுசா வந்தவள் எழுதிவிட்டாளாம். “நல்லாவே எழுதறா” என்றார், மன்னிப்புக் கேட்பதுபோல். வாங்கிப் படித்தேன். நன்றாகத்தான் இருந்தது.

மார்ச் 20, வெள்ளி

குழந்தையின் துடிப்பு கேட்கும் கருவியை நாளுக்கு நான்கு முறை வைக்கிறார்கள். அது கிடைக்கும்வரை அறையில் யாரும் பேசுவதில்லை.

மார்ச் 23, திங்கள்

ரத்தத் தட்டணுக்கள் இறங்குகின்றன. நாளை குழந்தையை எடுத்துவிடலாம் என்கிறார்கள். ஒரு வாரம் தள்ள முடியுமா என்று கேட்டேன். “உங்களுக்குத் தாங்காது” என்றார் டாக்டரம்மா. “உள்ள இருக்கறதுக்கும் தாங்காது.”

நான்கு நாள். மருந்து அந்த நான்கு நாள் முன்பே உள்ளே போயிருந்தால்?

மார்ச் 24, செவ்வாய்

பெண். 1,640 கிராம். அழுதாள். எனக்குக் கேட்டது.

ஏப்ரல் 3, வெள்ளி

இன்குபேட்டருக்குப் பக்கத்தில் எனக்கு ஒரு ஸ்டூல். அழுத்தம் 128/82. நேற்றைய பட்டை மஞ்சளாகவே இருந்தது.

அவள் இன்னும் குழாய் வழியாகத்தான் பால் குடிக்கிறாள். இன்று முதல் நானே ஊற்றலாம். நர்ஸ் ஒரு தாளைக் கொடுத்தாள்: நேரம், அளவு, கையெழுத்து. “எல்லாம் இறங்கிச்சான்னு நீங்க எழுதறத வெச்சுத்தான் அடுத்த வேளை ஏத்துவோம்.”

அவர் கண்ணாடிக்கு வெளியே நின்று சீட்டு ஒட்ட இடம் தேடுகிறார். அதற்கு நர்ஸ் அனுமதி தரவில்லை.

காலை 9.00. சிரிஞ்சில் பன்னிரண்டு மில்லி. ஊற்றும்போது சிரிஞ்ச் சரிந்து, கொஞ்சம் துணியில் சிந்தியது. யாரும் பார்க்கவில்லை.

ஒன்பது என்று எழுதினேன். பக்கத்தில், மூன்று சிந்தியது. கீழே கையெழுத்து.